சலவைக் கூடையில் போன பாதாம் எழுத்துகள்

வெஸ்டர்வெல்
14 மே 1968

மதிப்புக்குரிய செல்வி வில்லெமீன் ஓவர்பேக் அவர்களுக்கு,

முன்பின் தெரியாத ஒருத்தி இப்படி எழுதுவதற்கு முதலில் மன்னித்துக்கொள்ளுங்கள். உங்கள் முகவரியைப் பதிப்பகத்தில் கெஞ்சி வாங்கியதற்கும் சேர்த்துத்தான். ஹார்லெமில் கடற்காற்று அதிகம் என்கிறார்கள். உங்கள் உடம்புக்கு அது ஒத்துக்கொள்கிறது என்று நம்புகிறேன். இங்கே ஆற்று வெள்ளம் வடிந்துவிட்டது, எல்லோரும் சுகம்.

நான் இந்த ஊர் நூலகத்தில் உதவியாளர். நீங்கள் இங்கே இருந்த காலத்தில் கத்தோலிக்கர்களுக்கு ஒரு நூலகம், சீர்திருத்தச் சபைக்காரர்களான எங்களுக்கு ஒரு வாசகசாலை என்று தனித்தனியாக இருந்தன. இந்த ஆண்டு இரண்டையும் சேர்த்துவிட்டார்கள். நவம்பர் கடைசியில் புதுக் கட்டடம் திறக்கிறார்கள். அன்று மாலை நீங்கள் வந்து உங்கள் கதை ஒன்றை வாசிக்க வேண்டும் என்று நூலகக் குழு விரும்புகிறது. உங்கள் ஆறு புத்தகங்களும் முதல்முறையாக இந்த ஊரில் அலமாரிக்கு வந்திருக்கின்றன. நானே எண் ஒட்டி அடுக்கினேன்.

எங்கள் குடும்பத்தில் பல்கலைக்கழகம் போன முதல் ஆள் நான். உத்ரெக்ட்டில் முதல் வருடம் வகுப்பில் வாயே திறக்கமாட்டேன். மற்றவர்கள் பெரிய நாவல்களைப் பற்றிப் பேசுவார்கள். நான் பழைய புத்தகக் கடையில் உங்கள் புத்தகத்தை எடுத்து நின்றபடியே ஒரு கதையைப் படித்து முடித்தேன். தபால் முத்திரை வாங்க வந்தவள் நாக்கை நீட்டி அதை நனைத்துவிட்டு, ஒட்டாமலே திரும்பிப் போகிற கதை. நான்கு பக்கம்தான். அவள் யாருக்கு எழுதவில்லை என்பது கடைசிவரை வராது. ஆனால் எனக்குத் தெரிந்துவிட்டது. எங்கள் தெருவில் இருக்கிற மாதிரி ஆட்களைப் பற்றியும் எழுதலாம் என்று அன்றைக்குத்தான் எனக்குப் புரிந்தது.

ஒன்று மட்டும். 'சலவைக் கூடை' கதையைத் தவிர வேறு எதையாவது வாசித்தால் நல்லது என்று குழு கருதுகிறது.

உங்கள் பதிலுக்குக் காத்திருக்கும்,
ஹெ. ஃபெர்ஹூஃப்


ஹார்லெம்
2 ஜூன் 1968

செல்வி ஃபெர்ஹூஃப் அவர்களுக்கு,

காற்று ஒத்துக்கொள்கிறது. இடுப்பு எலும்புதான் ஒத்துக்கொள்ளவில்லை. அன்பான கடிதத்துக்கு நன்றி. வர இயலாது.

காரணம் சொல்லாமல் விட்டால் குழு தானே ஒரு காரணம் கட்டிவிடும், உங்கள் ஊரை நான் அறிவேன். அங்கே மாலையில் யாரும் சன்னல் திரையை இழுப்பதில்லை. இழுத்தால் மறைக்க ஏதோ இருக்கிறது என்று பேர். பதினொரு வருடம் தபால் அலுவலகத்தில் முத்திரை விற்றுவிட்டு, மாலையில் நாயைக் கூட்டிக்கொண்டு கோயில் தெரு வழியாக நடந்தேன். வெளிச்சமான சன்னல் ஒவ்வொன்றிலும் ஒரு மேசை, ஒரு சூப் பாத்திரம், யாரோ யாரையோ பார்க்காமல் இருப்பது. என் கதைகள் எல்லாம் அந்தச் சன்னல்கள்தான். ஒரு சன்னலைக் கடக்க எவ்வளவு நேரமாகுமோ அவ்வளவுதான் கதையின் நீளம். விமர்சகர்கள் அதற்கு வேறு பெயர் வைத்திருக்கிறார்கள்.

முதல் புத்தகம் வெளிவந்த வாரம், நானும் நாயும் தெருமுனையில் திரும்பினோம். திரைகள் ஒவ்வொன்றாக மூடின. தெரு முழுக்க. நாய் தன்மேல்தான் ஏதோ குற்றம் என்று நினைத்து வாலை மடக்கிக்கொண்டது. அடுத்த மாதம் ஊரைவிட்டு வந்தேன்.

பிறகு, ஒரு கதையை மட்டும் வெளியே விட்டுவிட்டு வா என்கிறீர்கள். விருந்தாளியிடம் ஒரு காலை வாசலில் கழற்றி வைக்கச் சொல்வதுண்டா?

கோயில் தெருவில் இன்னும் ரொட்டி சுடுகிறார்களா?

நலம் விழையும்,
வி. ஓவர்பேக்


வெஸ்டர்வெல்
9 ஜூன் 1968

மதிப்புக்குரிய செல்வி ஓவர்பேக்,

உங்கள் இடுப்பு வலி குறைந்திருக்க வேண்டும் என்று வேண்டிக்கொண்டு தொடங்குகிறேன்.

குழு அப்படி எதுவும் சொல்லவில்லை. அந்த வரியை நானாகத்தான் சேர்த்தேன்.

கோயில் தெருவில் இரண்டு ரொட்டிக் கடைகள் இருந்தன அல்லவா. கத்தோலிக்கரான ஷெஃப் லாமர்ஸின் கடை இன்னும் இருக்கிறது, மகன் நடத்துகிறார். எதிர்ப்பக்கத்துக் கடை இப்போது சைக்கிள் கடை. அதை வைத்திருந்த தியூனிஸ் ஃபெர்ஹூஃப் என் தாத்தா.

உங்கள் கதையில் அவருக்குப் பெயர் கிடையாது. காதோரம் எப்போதும் மாவு ஒட்டியிருக்கும் ரொட்டிக்காரர். புனித நிக்கோலாஸ் திருநாளுக்கு முந்தைய வாரம் கை வெந்துபோகிறது. வீட்டுக்கு வீடு பெயரின் முதலெழுத்து வடிவில் வாங்கித் தின்னும் பாதாம் எழுத்துகளை அவரால் சுட முடியாது. எதிர்க்கடைக் கத்தோலிக்கரிடம் திருட்டுத்தனமாக வாங்கி, தன்னுடையது என்று சபைக்காரர்களுக்கு விற்கிறார். மனைவி சலவைக் கூடையில் போர்வைக்கு அடியில் வைத்துப் பட்டப்பகலில் வண்டியோடு தள்ளிக்கொண்டு போகிறாள், போதகர் அந்தக் கூடைக்குத் தொப்பியைத் தூக்கி வணக்கம் வைக்கிறார். கடைசியில் பாதாம் விழுதில் இருந்த எலுமிச்சைத் தோல் காட்டிக்கொடுக்கிறது. லாமர்ஸ் மட்டும்தான் எலுமிச்சைத் தோல் துருவிப் போடுவார் என்று ஊருக்கே தெரியும். போதகரின் மனைவி விரலை நக்கிவிட்டு, "கடவுளே மன்னிக்கணும், இது நல்லாருக்கு" என்பாள். உத்ரெக்ட்டில் அதை வகுப்பில் வாசித்தபோது பேராசிரியர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு சிரித்தார். நானும் சிரித்தேன்.

எங்கள் வீட்டில் யாரும் சிரித்ததில்லை. புத்தகம் வந்ததும் சபை மூப்பர்கள் கறுப்புக் கோட்டுடன் தாத்தாவை விசாரிக்க வந்தார்கள். அவர் ஆமாம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. வாடிக்கையாளர்கள் போய்விட்டார்கள். இரண்டே வருடத்தில் கடை மூடியது. கடையில் கூட வேலைசெய்த என் அப்பா ஆரி, ரொட்டித் தொழிற்சாலை வண்டி ஓட்டப் போனார். இன்னும் ஓட்டுகிறார். உங்கள் பெயரை வீட்டில் சொல்லக்கூடாது. என் பட்ட ஆய்வு முழுக்க உங்களைப் பற்றித்தான். அப்பாவிடம் "நம்ம மொழிச் சிறுகதைகளைப் பத்தி" என்று மட்டும் சொல்லியிருக்கிறேன்.

நீங்கள் வரவேண்டும் என்பது உண்மை. அப்பா முன்னால் அந்தக் கதை வரக்கூடாது என்பதும் உண்மை. இரண்டையும் எப்படிச் சேர்ப்பது என்று எனக்குத் தெரியவில்லை.

மரியாதையுடன்,
ஹெர்மினா ஃபெர்ஹூஃப்


ஹார்லெம்
20 ஜூலை 1968

அன்புள்ள ஹெர்மினா,

இனி 'நீ' என்று எழுதுகிறேன். வயது அந்த உரிமையைத் தருகிறது, வேறு எதையும் தருவதில்லை. தாமதத்துக்கு இடுப்பு காரணமில்லை.

கையெழுத்தைப் பார்த்த அன்றே தெரியும். ஃபெர்ஹூஃப் என்று அந்த ஊரில் எத்தனை பேர். நீயாகச் சொல்லட்டும் என்று காத்திருந்தேன்.

அந்தக் கதைக்காக வருந்துகிறேன் என்று எழுதினால் பொய்யாகும். நான் எழுதியவற்றில் அதுதான் தன் காலில் நிற்கிறது. கடை மூடியது எனக்குத் தெரியாது. அதை இரண்டு நாள் சமையலறை மேடை முன்னால் நின்றபடி யோசித்தேன். நான் எழுதுவதும் அங்கேதான், நின்றுகொண்டு. உட்கார்ந்தால் வாக்கியம் நீண்டுவிடும்.

நான் கண்ணால் பார்த்தது இவ்வளவு: தபால் அலுவலகப் பின்சன்னல் வழியாக, லாமர்ஸ் வீட்டுப் பின்கதவிலிருந்து உன் பாட்டி சலவைக் கூடை வண்டியோடு வருகிறாள். சக்கரத்தில் மாவு. திருநாளன்று ஊர் எலுமிச்சையைப் பற்றி முணுமுணுத்தது. மீதி என் கற்பனை.

முப்பது வருடமாக எனக்கு ஒரு கேள்வி. அங்கே உண்மையில் என்னதான் நடந்தது? உன் அப்பா அந்தக் கடையில் இருந்தவர். கேட்டுச் சொல்.

உன் உடம்பைப் பார்த்துக்கொள். நூலகத் தூசி பொல்லாதது.

வி. ஓ.


வெஸ்டர்வெல்
18 ஆகஸ்ட் 1968

மதிப்புக்குரிய செல்வி ஓவர்பேக்,

சுகமா? இங்கே சுகம் என்றுதான் சொல்ல வேண்டும். கேட்பதற்கு எனக்கு நான்கு வாரம் பிடித்தது.

நேற்று அம்மாவின் பிறந்தநாள். சுவரோரம் வட்டமாக நாற்காலி போட்டு, வந்தவர்கள் எல்லோரும் எல்லோருக்கும் வாழ்த்துச் சொல்லி, காப்பியும் கேக்கும் ஆனது. எல்லோரும் போனபின் அப்பா பாத்திரம் கழுவினார், நான் துடைத்தேன். முகத்தைப் பார்க்கவேண்டியதில்லை என்பதால் எங்கள் வீட்டில் பெரிய பேச்செல்லாம் அங்கேதான்.

"அப்பா, புது நூலகத்துக்கு வில்லெமீன் ஓவர்பேக்கைக் கூப்பிட்டிருக்கோம். எழுதினது நான்தான்."

தட்டு தண்ணீருக்குள்ளேயே இருந்தது.

"எந்த ஓவர்பேக்? முத்திரை விக்கிற ஓவர்பேக்கா?"

"ஆமா."

"எங்கப்பாவத் திருடன்னு எழுதினவ."

"நீங்க படிச்சிருக்கீங்களாப்பா?"

"எதுக்குப் படிக்கணும்? ஊரே வந்து சொல்லிட்டுப் போச்சு."

அம்மா உள்ளே இருந்து, "ஆரி, சத்தம் போடாதீங்க, சன்னல் தெறந்திருக்கு" என்றாள். அப்பா சத்தமே போடவில்லை. பிறகு நான் உங்கள் கேள்வியைக் கேட்டேன். அவர் கையைத் துடைத்துக்கொண்டு உட்கார்ந்தார்.

தாத்தாவும் லாமர்ஸும் சிறுவயதில் ஆற்றில் ஒன்றாக மீன்பிடித்தவர்களாம். கடை வைத்தபின் தெருவில் தலையாட்டுவதோடு சரி. ஒருவர் கடையில் மற்றவர் ஆள் ரொட்டி வாங்கினாலே அடுத்த ஞாயிறு பிரசங்கத்தில் வந்துவிடும். தாத்தாவின் கை பாகில் வெந்த அன்று லாமர்ஸ் பின்கதவு வழியாக வந்தாராம்.

"கட்டப் பிரிச்சுப் பாத்தாரு. 'இந்தக் கைய வெச்சுக்கிட்டு நீ அடுத்த வாரம் எழுத்துப் போட மாட்ட தியூனிஸ். உன் ஆர்டர் எவ்வளவுன்னு சொல்லு, என் அடுப்புல போட்டுத் தரேன்'னாரு. எங்கப்பா காசு எவ்வளவுன்னு கேட்டாரு. 'பேசாம இரு, இல்லன்னா இன்னொரு கையையும் வேகவெச்சிருவேன்'னுட்டாரு."

வாங்கவில்லை, செல்வி ஓவர்பேக். சுட்டுக் கொடுத்தார். ஒரு காசு வாங்காமல். எலுமிச்சைத் தோல் கைப்பழக்கத்தில் விழுந்துவிட்டது.

"அப்ப மூப்பர்கள் வந்தப்ப தாத்தா ஏன் சொல்லல?"

"லாமர்ஸ்தான் கன்னியாஸ்திரிகள் பள்ளிக்கூடத்துக்கு ரொட்டி போட்டுக்கிட்டிருந்தாரு. காசுக்கு வித்தது வியாபாரம்னு அவங்க பாதிரியாரு விட்டுட்டாரு. காசு வாங்காம நமக்குச் சுட்டுக் குடுத்தாருன்னு தெரிஞ்சா அந்த ஆர்டர் போச்சு. பள்ளிக்கூடம் போனா கடையே போச்சு. லாமர்ஸ் சொல்லிடறேன்னுதான் வந்து நின்னாரு. எங்கப்பா விடல. 'நீ வாயத் தொறந்தா ரெண்டு கடையும் போகும் ஷெஃப். ஒண்ணாவது இருக்கட்டும்'னாரு."

லாமர்ஸ் போன வருடம் காலமானார். அதனால்தான் அப்பா வாய் திறந்தார். இல்லாவிட்டால் எனக்கும் தெரிந்திருக்காது.

தாத்தா திருடவில்லை. எங்கள் வீட்டில் ஒருவர் முப்பது வருடமாக அதைத் தெரிந்துகொண்டே வண்டி ஓட்டியிருக்கிறார்.

ஹெர்மினா


ஹார்லெம்
24 ஆகஸ்ட் 1968 (அஞ்சலட்டை)

ஹெர்மினா, போர்வை என்ன நிறம்? சூடான எழுத்துகளா, ஆறவைத்தவையா? பாதாம் வாசனைக்கு என்ன செய்தார்கள்? உன் தாத்தாவின் அடக்கத்துக்கு லாமர்ஸ் வந்தாரா? உடனே எழுது. வி. ஓ.


வெஸ்டர்வெல்
3 செப்டம்பர் 1968

மதிப்புக்குரிய செல்வி ஓவர்பேக்,

உங்கள் நலம் பற்றி அட்டையில் எதுவும் இல்லை. கையெழுத்து வேகமாக இருந்ததால் நலம் என்று எடுத்துக்கொண்டேன்.

போர்வை வெள்ளை, ஓரத்தில் நீலக் கோடு. ஆறவைத்தவை. வாசனைக்கு மேலே சோப்புத் துண்டுகளை உடைத்துப் போட்டார்களாம். சில வீடுகளில் சோப்பு ருசி வந்ததாகவும் புகார்.

அடக்கத்துக்கு லாமர்ஸ் வந்தார். எங்கள் கோயிலுக்குள் நுழைய அவருக்கு அனுமதி கிடையாது. ஆராதனை முடியும்வரை மழையில் வெளியே நின்றார். அப்பா பாதியில் எழுந்து குடையைக் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டுத் திரும்பி வந்தார்.

நீங்கள் கேட்டதையெல்லாம் எழுதிவிட்டேன். தாத்தா பேசாமல் இருந்ததைப் பற்றி நீங்கள் ஒரு வார்த்தை எழுதவில்லை. எழுதுவீர்கள் என்று நினைத்திருந்தேன். இப்படிச் சொல்வது மரியாதைக் குறைவாக இருந்தால் மன்னியுங்கள்.

ஹெர்மினா


ஹார்லெம்
12 அக்டோபர் 1968

அன்புள்ள ஹெர்மினா,

மரியாதைக் குறைவு இல்லை. எனக்குத் தெரிந்த ஒரே வழியில் எழுதிக்கொண்டிருந்தேன், அதனால்தான் பதில் இல்லை.

ஒன்பது வருடமாக நான் ஒரு கதையும் எழுதவில்லை. மூன்றாம் மாடியில் இருக்கிறேன், எதிரே கடற்பறவைகள் தவிர யாருடைய சன்னலும் இல்லை. உன் கடிதம் வந்தபின் தினமும் காலையில் மேடை முன்னால் நின்றேன். இடுப்பு என்னைத் திட்டியது. 'சலவைக் கூடை'யை முதலிலிருந்து திரும்ப எழுதியிருக்கிறேன். இதில் எல்லாம் இருக்கிறது. லாமர்ஸ் கைக்கட்டைப் பிரித்துப் பார்ப்பது, மூப்பர்கள், "ஒண்ணாவது இருக்கட்டும்", மழை, குடை. இதில் உன் தாத்தா நல்ல மனிதர்.

இத்துடன் வைத்திருக்கிறேன். உன் அப்பாவிடம் காட்டு. அவர் சம்மதித்தால் நவம்பரில் வந்து இதையே வாசிக்கிறேன். பழையதை இனி எந்தப் பதிப்பிலும் போடவேண்டாம் என்று பதிப்பகத்துக்கும் எழுதத் தயார்.

அவர் வேண்டாம் என்றால் வரமாட்டேன். அதுவும் நியாயம்தான்.

உன் வீட்டார் அனைவரின் நலமும் கேட்டதாகச் சொல். இதை நான் இதுவரை எழுதத் துணியவில்லை.

வில்லெமீன் ஓவர்பேக்


வெஸ்டர்வெல்
27 அக்டோபர் 1968

அன்புள்ள செல்வி ஓவர்பேக்,

வீட்டில் எல்லோரும் நலம். உங்கள் விசாரிப்பை அப்படியே சொன்னேன். அம்மா, "அந்தம்மாவுக்கு இடுப்பு வலின்னா மாடிப்படி எப்படி ஏறுறாங்க?" என்று திருப்பி விசாரித்தாள்.

அப்பா புதுக் கதையைச் சமையலறை மேசையில் வைத்துப் படித்தார். படிக்கும்போது உதடு அசையும், அதற்கு வெட்கப்பட்டு எங்களை வெளியே போகச் சொன்னார். வெகுநேரம் கழித்துக் கூப்பிட்டார்.

"நல்ல மனுஷி" என்றார். பிறகு, "அந்தப் பழசு உங்கிட்ட இருக்கா?" என்று கேட்டார்.

என் அறையில் துணி அலமாரிக்குப் பின்னால் உங்கள் ஆறு புத்தகங்களும் இருந்தன. அங்கே இருப்பது அவருக்கு முன்பே தெரியும்போல. சரியாக அந்தப் பக்கம் பார்த்துக்கொண்டுதான் கேட்டார்.

அதைப் படிக்கும்போது கதவைச் சாத்தச் சொல்லவில்லை. போதகர் கூடைக்குத் தொப்பியைத் தூக்குகிற இடத்தில் மேசையில் ஒரு தட்டுத் தட்டினார். "அப்படியேதான் தூக்கினாரு, நேல்ட்யே, நான் கடை வாசல்ல நின்னு பாத்தேன்" என்று அம்மாவைக் கூப்பிட்டுச் சொன்னார். தாத்தாவின் காதோர மாவை நீங்கள் எழுதியிருக்கும் வரியை வாய்விட்டு வாசித்தார். பிறகு அழுதார். அப்பா அழுது நான் பார்த்ததில்லை. சிரித்துக்கொண்டே அழுததால் அம்மா என்ன செய்வதென்று தெரியாமல் காப்பி போட்டாள்.

"புதுசு எப்படிப்பா?" என்று கேட்டேன்.

"புதுசுல ஒரு பொய்யும் இல்ல. ஆனா அது ஞாயித்துக்கிழமை அப்பா. சட்டைக்குக் கஞ்சி போட்டுக்கிட்டு நிக்கிறாரு. பழசுல இருக்கிறதுதான் எங்கப்பா. ஏமாத்துனாருன்னு எழுதியிருக்கா, அது தப்பு. ஆனா ஆள் அவருதான். நடக்கிறாரு, திட்டுறாரு, மூக்கச் சொறியிறாரு. முப்பது வருஷமா எங்கப்பாவ அந்தப் புத்தகத்துக்குள்ள போட்டுப் பூட்டிவெச்சிட்டு நான்தான் வெளியில நின்னிருக்கேன்."

என் ஆய்வில் உங்களைப் பற்றி நூற்றுக்கும் மேற்பட்ட பக்கங்கள் எழுதினேன். இதில் பாதிகூட அதில் இல்லை.

மறுநாள் வேலை முடிந்ததும் அப்பா லாமர்ஸ் கடைக்குள் முன்வாசல் வழியாகப் போனார். அவர் மகன் டோனிடம் எல்லாவற்றையும் சொன்னார். டோனுக்கு முன்பே தெரியுமாம். "எங்கப்பா சாகிற வரைக்கும் சொல்லிட்டிருந்தாரு ஆரி. பாதிரியாரப் பத்தி இல்ல, மூப்பர்களப் பத்தி இல்ல. 'அந்த எலுமிச்சைத் தோல ஏன்டா போட்டேன்'னு அது ஒண்ணுதான்." இருவரும் கல்லாவுக்கு இருபுறமும் நின்று சிரித்தார்களாம். வாங்க வந்த பெண்கள் எல்லாம் காத்திருந்தார்கள். நாளைக்குள் ஊர் முழுக்கத் தெரிந்துவிடும், அதனால் உண்மையைச் சொல்ல நீங்கள் சிரமப்பட வேண்டாம் என்கிறார் அப்பா. அதை அவரே சொல்லிக்கொள்வார்.

நவம்பர் 29, வெள்ளி. ரயில் நிலையத்துக்கு அப்பா தன் ரொட்டி வண்டியைக் கொண்டுவருகிறார். முன்இருக்கை உயரம், அதனால் ஒரு முக்காலியும் கொண்டுவருவார். மாலை எங்கள் வீட்டில் பட்டாணி சூப். குழுவின் சார்பில் அழைப்பிதழ் தனியாக வரும்.

இனி நான் எழுத நினைத்து, முதல் பக்கத்திலிருந்தே தள்ளிப்போட்டுக்கொண்டு வந்த ஒன்று.

பழைய கதையை வாசியுங்கள். எழுதியது எழுதியபடி, ஒரு சொல்லும் மாற்றாமல். அதில், பாட்டி கூடையைத் தள்ள, தாத்தா கட்டுப்போட்ட கையைச் சட்டைப்பைக்குள் விட்டுக்கொண்டு, சபையில் இழுத்து இழுத்துப் பாடும் சங்கீதத்தை நடனப் பாட்டு வேகத்தில் விசிலடித்தபடி பின்னால் போகிறார் என்று ஒரு வரி வருகிறது. அந்த வரி முடிந்ததும் கொஞ்சம் நிறுத்துங்கள். அப்பா மூன்றாம் வரிசையில் இருப்பார். அவர் சிரிக்கத் தொடங்கச் சற்று நேரமாகும்.

அன்புடன்,
ஹெர்மினா